31 வயதிலேயே பாட்டியானவர்

‘ஷாப்லிஃப்டர்ஸ்’ என்ற ஜப்பானியப் படத்தைப் பார்த்துவிட்டு நீங்கள் கேட்டிருப்பவை மூன்று. அந்தப் பல்லில்லாப் பாட்டி யார்? முதுமையில்தான் நடிக்க வந்தாரா? அவரை அறிய வேறு எந்தப் படங்களைப் பார்க்கலாம்? மூன்றாவதைக் கடைசியில் சொல்கிறேன். இரண்டாவதுதான் சுவையான கேள்வி. ஏனென்றால், பாட்டி வேடத்தில் இவர் ஜப்பான் முழுவதையும் சிரிக்க வைத்தபோது இவருக்கு வயது 31.

பெயர் கிகி கிரின். ஜப்பானிய வழக்கப்படி குடும்பப் பெயரை முன்னால் வைத்து எழுதுகிறேன். மற்றவர்களின் பெயர்களையும் அப்படியே எழுதிவிடுகிறேன். வெளிநாட்டுத் திரைவிழாக்களின் பட்டியல்களில் இதையே ‘கிரின் கிகி’ என்று திருப்பிப் போட்டிருப்பார்கள். உண்மையில் எப்படித் திருப்பினாலும் அது அவருடைய இயற்பெயர் அல்ல, முதல் மேடைப்பெயரும் அல்ல. முதல் பெயரை அவர் விற்றுவிட்டார். அந்தக் கதைக்குப் பின்னால் வருகிறேன்.

1943 ஜனவரி 15 அன்று டோக்கியோவின் கண்டா பகுதியில் பிறந்தார். தந்தை பிவா வாசிப்பவர். அகன்ற மீட்டுகோலால் நரம்புகளை அடித்து மீட்டியபடி போர்க்கதைகளைப் பாடிச் சொல்வதற்கான வாத்தியம் அது. கதை சொல்லும் வீடுதான், ஆனால் பெண்குழந்தை வாயே திறக்காது. ஒரு மூலையில் உட்கார்ந்து மனிதர்களை வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்கும். பின்னாளில் நடிப்பைப் பற்றி யார் கேட்டாலும் கிரின் இந்த வேடிக்கை பார்த்தலையே சுற்றிச் சுற்றிச் சொல்வார். தந்தையின் விருப்பப்படி மருந்தியல் படிக்க இருந்தவர், நுழைவுத் தேர்வு நேரத்தில் ஹொக்கைடோவில் பனிச்சறுக்கின்போது காலை முறித்துக்கொண்டார். தேர்வு போயிற்று. அந்த ஆண்டு, 1961இல், புங்ககுசா நாடகக் குழு தன் பயிற்சிக் கூடத்துக்கு முதல் அணி மாணவர்களைச் சேர்த்துக்கொண்டிருந்தது. வேறு வேலையில்லாமல் போய் எழுதிய தேர்வில் இடம் கிடைத்துவிட்டது.

புங்ககுசா என்றால் அந்நாளில் சுகிமுரா ஹருகோ. இயக்குநர் ஓசு யசுஜிரோவின் ‘டோக்கியோ ஸ்டோரி’யில், ஊரிலிருந்து வந்த பெற்றோரை எப்போது கிளப்பி அனுப்பலாம் என்று கணக்குப் போடும், அழகு நிலையம் நடத்தும் மூத்த மகள் நினைவிருக்கிறதா? அவர்தான். அந்தச் சுகிமுராவுக்குக் கைப்பெண்ணாகப் பை தூக்கிக்கொண்டு போன பயிற்சி மாணவி நம் கிரின். ஓசுவின் கடைசிப் படமான ‘ஆன் ஆட்டம் ஆஃப்டர்நூன்’ 1962இல் எடுக்கப்பட்டபோது, படப்பிடிப்புத் தளத்தின் ஓரத்தில் 19 வயதில் நின்றிருந்தார். கண் சிமிட்டுவதைக்கூட இயக்குநர் தீர்மானிக்கும் தளம் அது. அங்கே என்ன கற்றார் என்று ஆராய்ச்சி செய்ய எனக்கு விருப்பமில்லை. அடுத்துப் போன இடம் அதற்கு நேர் எதிரானது என்பதைத்தான் கவனிக்கச் சொல்கிறேன்.

அந்த இடம் தொலைக்காட்சி. இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். ஜப்பானியத் திரையரங்குகளுக்கு மக்கள் மிக அதிகமாகப் போன ஆண்டு 1958. அந்த ஓராண்டில் 112 கோடிக்கு மேல் டிக்கெட்டுகள் விற்றன. பிறகு வீட்டுக்கு வீடு தொலைக்காட்சிப் பெட்டி வந்தது, அரங்குகள் காலியாயின. படக்காரர்கள் அந்தப் பெட்டியை ‘மின்சாரக் காகித நாடகம்’ என்று இளக்காரமாகச் சொன்னார்கள். தெருமுனையில் சைக்கிளை நிறுத்தி, அட்டைப் படங்களை ஒவ்வொன்றாக உருவிக் காட்டிக் குழந்தைகளுக்குக் கதை சொல்லி மிட்டாய் விற்கும் ஆட்களோடு ஒப்பிட்ட ஏளனம் அது. பெரிய படக் கம்பெனிகளின் நட்சத்திரங்கள் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. ஆகவே சின்னத்திரையில் இடம் காலியாக இருந்தது. அழகிகளுக்கான வரிசையில் நிற்க முடியாது என்று தன்னைப் பற்றித் தெளிவாகவே தெரிந்துவைத்திருந்த ஒரு நாடகக்குழுப் பெண்ணுக்கு அந்தக் காலி இடம் போதுமானதாக இருந்தது.

1964இல் டிபிஎஸ் தொலைக்காட்சி ஒளிபரப்பிய ‘ஷிச்சினின் நோ மாகோ’ என்ற தொடர். ஏழு பேரப்பிள்ளைகள் என்று பொருள். தாத்தாவாக மோரிஷிகே ஹிசாயா, அந்த வீட்டு வேலைக்காரப் பெண்ணாக இவர். அப்போது இவருடைய மேடைப்பெயர் யூகி சிஹோ. மோரிஷிகே எழுதிக் கொடுத்ததைத் தாண்டி விளையாடும் நடிகர். அவர் எறிந்த பந்தையெல்லாம் இந்தச் சிறு பெண் திருப்பி அடித்தாள். அந்தத் தொடரின் எழுத்தாளர்களில் முகோடா குனிகோ இருந்தார், இயக்குநர்களில் குசே தெருஹிகோ இருந்தார். அடுத்த 15 ஆண்டுகளுக்கு ஜப்பானியக் குடும்பத் தொடர் என்றால் பெருமளவுக்கு இவர்கள் கைவண்ணம்தான்.

1970இல் தொடராகத் தொடங்கிய ‘ஜிகான் தேசு யோ’ ஒரு பொதுக் குளியல் கூடத்தில் நடக்கும் கதை. வீட்டில் குளியலறை இல்லாத டோக்கியோக் குடும்பங்கள் மாலையில் போய் வெந்நீரில் அமிழ்ந்துவிட்டு வரும் இடம். கூடத்தின் வேலையாட்களில் ஒருத்தி இவர். கதையின் ஓட்டத்துக்குத் தேவையே இல்லாத சில்லறைக் கோமாளித்தனங்களை இவரும் சகாக்களும் நடுநடுவே செய்வார்கள். மக்கள் அதற்காகவே காத்திருந்தார்கள்.

பிறகு வந்தது 1974, ‘தெராவுச்சி கந்தாரோ இக்கா’. யானக்கா பகுதியில் கல்லறைக் கற்கள் செதுக்கி விற்கும் ஒரு குடும்பம். முன்கோபியான அப்பா கந்தாரோ. முகோடா தன் சொந்தத் தந்தையை மனத்தில் வைத்து எழுதிய பாத்திரம். அந்த வேடத்துக்குப் பிடித்துப் போட்டது, நடித்தே பழக்கமில்லாத பருத்த இசையமைப்பாளர் கொபயாஷி ஆசேயை. அவருடைய அம்மாவாக, அதாவது வீட்டுக் கிழவி கின்னாக, யூகி சிஹோ. மகனாக நடித்தவர் தாயாக நடித்தவரைவிடப் பத்து வயது மூத்தவர்!

31 வயதுப் பெண் எப்படிக் கிழவியாவது? முடியை வெளுக்க வைத்தார், முதுகை வளைத்தார். இவை எந்த ஒப்பனைக்காரருக்கும் தெரிந்த வேலைகள். கைகள்தான் சிக்கல். இளமையான கைகளை எந்த மாவைப் பூசியும் ஏமாற்ற முடியாது. கேமரா அருகில் வந்தால் காட்டிக்கொடுத்துவிடும். விரல் நுனிகள் மட்டும் வெளியே தெரியும்படி கம்பளிக் கையுறை ஒன்றை மாட்டிக்கொண்டார். குளிர் தாங்காத கிழவிக்கு அது இயல்பான உடையாகவும் ஆயிற்று, மறைக்க வேண்டியதை மறைத்தும் கொண்டது. எனக்கு இவருடைய மொத்தத் தொழிலும் அந்தக் கையுறைக்குள் இருப்பதாகத் தோன்றும். முகத்தைவிடக் கையைப் பற்றி முதலில் யோசித்த நடிகை இவர்.

அந்தக் கிழவிக்கு ஒரு பழக்கம். தன் அறைச் சுவரில் பாடகர் சவாதா கென்ஜியின் பெரிய படத்தை ஒட்டி வைத்திருப்பாள். அவருக்கு ரசிகர்கள் வைத்த செல்லப்பெயர் ஜூலி. எந்தச் சச்சரவு நடந்தாலும் கிழவி திடீரென்று அந்தப் படத்தின் முன் நின்று, உடம்பை முறுக்கிக்கொண்டு, “ஜூலீஈஈ!” என்று கதறுவாள். ஒரு வாழ்நாள் ஏக்கம் முழுவதும் அந்த ஒரு கூவலில் வந்து விழும். பள்ளிக் குழந்தைகள் தெருவில் அதைச் செய்து காட்டினார்கள். வயதானவர்களை மதிக்கத்தக்க மெழுகுப் பொம்மைகளாக மட்டுமே காட்டிக்கொண்டிருந்த திரையில், பசியும் பொறாமையும் காமமும் குறும்பும் உள்ள ஒரு கிழவி வந்து உட்கார்ந்தாள். ‘ஷாப்லிஃப்டர்ஸ்’ (2018) படத்தில் நீங்கள் பார்த்த ஹாட்சுயே பாட்டிக்கு இவள்தான் கொள்ளுப்பாட்டி.

இப்போது பெயர் விற்ற கதை. 1977 ஏப்ரலில் ஒரு தொலைக்காட்சி நிறுவனம் ‘டிவி அசாஹி’ என்று புதுப்பெயர் சூட்டிக்கொண்டது. அதற்கான சிறப்பு நிகழ்ச்சியில் பிரபலங்கள் தங்கள் பொருள் எதையாவது கொண்டுவந்து ஏலம் விட வேண்டும். கிமோனோ, நகை, ஓவியம் என்று மற்றவர்கள் கொண்டுவந்தார்கள். தன்னிடம் விற்க எதுவும் இல்லை என்று இவர் பெயரையே ஏலத்தில் வைத்தார். ‘யூகி சிஹோ’ 20,200 யென்னுக்குப் போயிற்று. துணிக்கடைக்காரர் ஒருவர் எடுத்தார். பதின்மூன்று ஆண்டுகள் உழைத்துச் சம்பாதித்த பெயர் என்பதை யோசித்துப் பாருங்கள். அதன் பிறகு அகராதியைப் புரட்டி, ஒலி திரும்பத் திரும்ப வர வேண்டும் என்று தேடி, கிகி கிரின் என்று வைத்துக்கொண்டார். எழுதிக் காட்டினால் அந்த எழுத்துகளில் மரங்களாக இருக்கும்: மரங்கள் சேர்ந்து ஓர் அபூர்வமான தோப்பு ஆவது என்று பொருள் சொன்னார். அந்த இரவு ஏலத்தில் சிரித்தவர்கள் பலர். ஒரு நடிகை தன் விலாசத்தைத் தானே கிழித்துப் போடுவதை அதற்கு முன் யாரும் பார்த்ததில்லை.

புதுப்பெயரோடு 1978இல் தொடங்கிய ‘மூ இச்சிசோக்கு’ தொடரில் நடித்தார். சில பகுதிகளை நேரடியாகவே ஒளிபரப்பிய துணிச்சலான தொடர் அது. கோ ஹிரோமி என்ற இளம் பாடகரோடு சேர்ந்து இவர் அதில் பாடிய ‘ஆப்பிள் கொலை வழக்கு’ என்ற வேடிக்கைப் பாட்டு பெரிய வெற்றி பெற்றது. 1979இல் தொடர் முடிந்த விருந்தில் பேச எழுந்தவர், குசேவின் மறைவான உறவு ஒன்றை எல்லோர் முன்னிலையிலும் போட்டு உடைத்தார். குசே டிபிஎஸ்ஸை விட்டு வெளியேறினார். இருவரும் நீண்ட காலம் சேர்ந்து வேலை செய்யவில்லை. இதை அவருடைய ஒளிவுமறைவற்ற குணம் என்று பாராட்டுகிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அடுத்தவர் வாழ்க்கையை மேடையில் வைத்து உடைப்பதற்கு வேறு பெயர்கள் உண்டு. 1981 ஆகஸ்டில் முகோடா குனிகோ தைவானில் நடந்த விமான விபத்தில் இறந்தார். ஒரு காலம் அதோடு முடிந்தது.

அடுத்த இருபது ஆண்டுகளில் ஜப்பானியர்கள் இவரை அதிகம் பார்த்த இடம் எது தெரியுமா? விளம்பரங்கள். காந்தப் பட்டைத் துண்டை உடம்பில் ஒட்டிக்கொள்ளும் ‘பிப் எலெகிபான்’ ஒன்று. அதைவிட முக்கியமானது ஃபூஜி கலர். 1980இல் வந்த ஃபூஜி விளம்பரத்தில் இவர் புகைப்படக் கடைக்கு வரும் வாடிக்கையாளர், கிஷிமோத்தோ கயோகோ கடைக்காரப் பெண். அழகானவர்கள் இன்னும் அழகாக விழுவார்கள் என்கிறாள் கடைக்காரி. அழகில்லாதவர்களும் அழகாக விழுவார்கள் என்பதுதான் முதலில் எழுதியிருந்த வசனம். அது எப்படி நடக்கும், பொய்யாயிற்றே என்று மறுத்தார் கிரின். ‘சொரேநாரி நி’ என்று மாற்றினார்கள். ‘அவரவர்க்கு ஏற்றபடி’ என்று தமிழில் சொல்லலாம். ஒரே வார்த்தை, நாடு முழுவதும் அதையே சொல்லித் திரிந்தது. முப்பது விநாடி விளம்பரத்தில்கூடப் பொய் சொல்ல மறுத்து, அந்த மறுப்பையே நகைச்சுவையாக்கிவிட்டார். ஃபூஜி நிறுவனத்தோடு அவருடைய உறவு ஏறத்தாழ 40 ஆண்டுகள் நீடித்தது.

நாடகங்களும் நின்றுவிடவில்லை. 1981இல் ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கேயின் ‘யூமெச்சியோ நிக்கி’யில் யோஷினாகா சயூரியோடு, ஆடிப்பாடி விருந்தினரை மகிழ்விக்கும் வெந்நீரூற்று ஊர் கெய்ஷாவாக நடித்தார். 1986இல் என்எச்கேயின் காலைத் தொடர் ‘ஹானேகோன்மா’வில் கதாநாயகியின் தாய், அதற்குக் கல்வி அமைச்சரின் கலை விருது கிடைத்தது. சினிமாவில் சுசுகி செய்ஜுனின் ‘சிகோய்னர்வைசன்’ (1980), ஒபயாஷி நோபுஹிகோவின் ‘தென்கோசெய்’ (1982) போன்றவற்றில் சின்ன வேடங்கள். பெரிதாகச் சொல்ல ஏதுமில்லை, தாண்டிப் போகலாம்.

ஒன்றை மட்டும் தாண்ட முடியாது. பிற்காலத்தில் இவருக்கு நடிகர் முகாமையகம் கிடையாது, மேலாளர் கிடையாது, உதவியாளர் கிடையாது. ஜப்பானியப் பொழுதுபோக்குத் துறை எப்படி இயங்குகிறது என்று தெரிந்தவர்களுக்கு இது எவ்வளவு விநோதம் என்று புரியும். அங்கே நடிகர் என்பவர் முகாமையகத்தின் சொத்து. அவர் எதில் நடிப்பது, எதைப் பேசுவது எல்லாம் அலுவலகம் தீர்மானிக்கும். இவரை நடிக்கக் கூப்பிட வேண்டுமானால் வீட்டுத் தொலைபேசியின் பதிவுக் கருவியிடம் பேச வேண்டும், அல்லது ஃபேக்ஸ் அனுப்ப வேண்டும். பிடித்தால் அவரே திருப்பி அழைப்பார். படப்பிடிப்புக்குத் தானே காரை ஓட்டிக்கொண்டு வருவார். வீடுகளை வாங்கி வாடகைக்கு விட்டிருந்ததால் சோற்றுக்காக எந்த வேடத்தையும் ஏற்க வேண்டிய நிலை இல்லை. அவருடைய கலைச் சுதந்திரத்தின் அடித்தளத்தில் வாடகை வருமானம் இருந்தது. இதை அவரே கூச்சமில்லாமல் சொல்வார்.

குடும்ப வாழ்க்கையைப் பற்றிச் சுருக்கமாக. முதல் கணவர் நடிகர் கிஷிதா ஷின், 1968இல் பிரிந்தார்கள். 1973இல் ராக் இசைக்காரர் உச்சிதா யூயாவை மணந்தார். ஓரிரு ஆண்டுகளிலேயே தனித்தனி வீடுகள். 1981இல் உச்சிதா இவருக்குத் தெரியாமல் மணமுறிவுப் படிவத்தைப் பதிவு செய்தபோது, நீதிமன்றம் போய் அதைச் செல்லாததாக்கினார் கிரின். நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பிரிந்தே வாழ்ந்தும் கடைசிவரை கணவன் மனைவி. மகள் யயாகோ எழுத்தாளர். மருமகன் மொத்தோகி மசாஹிரோ, ‘டிபார்ச்சர்ஸ்’ படத்தில் பிணங்களை அலங்கரிப்பவராக நடித்தவர்.

2003இல் ஒரு கண்ணின் பார்வை போனது. 2005 ஜனவரியில் மார்பகப் புற்றுநோய்க்காக வலது மார்பை அகற்றினார்கள். அவருக்கு வயது 62. நாற்பது ஆண்டுகள் நடித்துவிட்டார், நாடே அறிந்த முகம். ஆனால் உலகம் இன்று அவரை எதற்காக நினைக்கிறதோ அந்தப் படங்களில் ஏறக்குறைய எதுவும் அப்போது எடுக்கப்பட்டிருக்கவில்லை.

2007இல் ‘டோக்கியோ டவர்’. புற்றுநோயில் இறக்கும் தாய். அந்தத் தாயின் இளமைப் பகுதியை மகள் யயாகோவே நடித்தார். ஜப்பான் அகாடமியின் சிறந்த நடிகை விருது கிடைத்தது. நல்ல படம்தான், ஆனால் என் மனத்தில் பெரிதாக நிற்பது அடுத்த ஆண்டு வந்தது: பின்னாளில் ‘ஷாப்லிஃப்டர்ஸ்’ எடுத்த இயக்குநர் கொரே-எடா ஹிரோகசுவின் ‘ஸ்டில் வாக்கிங்’.

தன் தாய் இறந்த துயரத்திலிருந்து கொரே-எடா எழுதிய படம் இது. கடலோர ஊரில் ஓய்வுபெற்ற மருத்துவர் வீடு. மூத்த மகனின் நினைவு நாளுக்குப் பிள்ளைகள் வந்து கூடுகிறார்கள். படம் தொடங்கும்போது முகங்கள் இல்லை, காய்கறி சீவும் கைகள்தான். தாயும் மகளும் சமையல் பேசிக்கொண்டே சீவுகிறார்கள். சோளமணிகளை உதிர்த்துத் தெம்புரா பொரிக்கிறார்கள். இந்த அம்மாவைப் பார்த்தால் உங்களுக்குப் பிடித்துவிடும். அவ்வளவு வாய், அவ்வளவு கைப்பக்குவம். அந்த நம்பிக்கையை வளர்த்துவிட்டுத்தான் கிரின் கத்தியை எடுக்கிறார்.

மூத்த மகன் இறந்தது கடலில் மூழ்கிய ஒரு சிறுவனைக் காப்பாற்றப் போய். அந்தச் சிறுவன் இப்போது பருத்து வியர்த்து, நிலையான வேலையில்லாமல், ஒவ்வோர் ஆண்டும் இந்த வீட்டுக்கு வந்து தலைகுனிந்து உட்கார்ந்துவிட்டுப் போகிறான். பாவமாக இருக்கிறது, இனி அவனைக் கூப்பிட வேண்டாமே என்கிறான் இளைய மகன். இரவு நேரம். அம்மா குரோஷா ஊசியால் பின்னிக்கொண்டிருக்கிறாள். கை நிற்கவில்லை. அதனால்தான் கூப்பிடுகிறேன், என்கிறாள். பத்து ஆண்டிலேயே அவன் மறந்துவிட்டால் எப்படி, வெறுக்க ஒருவரும் இல்லாமல் இருப்பதுதான் கொடுமை, ஆண்டுக்கு ஒரு நாளாவது அவனும் வேதனைப்படட்டும், அடுத்த ஆண்டும் கூப்பிடுவேன். குரலை உயர்த்துவதில்லை, கண்ணீர் இல்லை. பின்னும் விரல்கள் அதே வேகத்தில் ஓடிக்கொண்டிருக்கின்றன. வேறு எந்த நடிகையாவது அந்த இடத்தில் ஊசியை மடியில் போட்டுவிட்டு மகனை நிமிர்ந்து பார்த்திருப்பார். இவர் போடவில்லை. பத்து ஆண்டுகளுக்கும் மேலாக அவள் இதை ஊறப்போட்டு வைத்திருக்கிறாள் என்பதை அந்தக் கை சொல்லிவிடுகிறது.

அதே இரவில் இன்னொன்று. குளியலறையில் இருக்கும் கணவரிடம், கதவுக்கு இந்தப்புறம் நின்று, பழைய இசைத்தட்டு ஒன்றை ஏன் வாங்கினேன் என்று போகிற போக்கில் சொல்கிறாள். கணவர் வேறொரு பெண்ணின் வீட்டில் அந்தப் பாட்டைப் பாடியதை, கைக்குழந்தையை முதுகில் கட்டிக்கொண்டு போய் வெளியே நின்று கேட்டிருக்கிறாள். இத்தனை ஆண்டுகளாக ஒரு சொல் சொன்னதில்லை. தொலைக்காட்சி நகைச்சுவையில் இருபது ஆண்டுகள் நேரக்கணக்குப் பழகியவரால்தான் இந்த வசனத்தை இப்படிப் போட்டுவிட்டு நகர முடியும் என்பது என் எண்ணம். நகைச்சுவைக்கும் கொடூரத்துக்கும் வேண்டிய தாளம் ஒன்றுதான்.

2010இல் ‘அக்குனின்’ படத்துக்குத் துணை நடிகை விருது. அதே ஆண்டு கிப்லி அனிமேஷன் நிறுவனத்தின் ‘அரியெட்டி’யில் குட்டி மனிதர்களைப் பிடித்து ஜாடியில் அடைக்கும் வேலைக்காரி ஹாருவுக்குக் குரல். 2012இல் ஹராதா மசாத்தோவின் ‘க்ரானிக்கிள் ஆஃப் மை மதர்’. எழுத்தாளர் இனோவே யசுஷியின் தாய் நினைவிழந்துகொண்டே போகும் கதை. 2013 மார்ச்சில் இதற்காக மீண்டும் சிறந்த நடிகை விருது வாங்க மேடையேறியவர், தன் உடம்பு முழுக்கப் புற்றுநோய் பரவியிருப்பதாகச் சாதாரணமாகச் சொன்னார். அந்த விருது விழாவில் ஒரு வழக்கம் உண்டு: சிறந்த நடிகை அடுத்த ஆண்டு விழாவைத் தொகுத்து வழங்க வேண்டும். அந்த வேலைக்கு உறுதி தர முடியாதே என்பதுதான் அவர் கவலை! அரங்கம் உறைந்துபோயிற்று. அடுத்த ஆண்டு வந்து தொகுத்தும் கொடுத்தார்.

2015இல் கவாசே நவோமியின் ‘ஸ்வீட் பீன்’. தோராயாக்கி என்ற இனிப்பை விற்கும் கடை; இரண்டு அப்பத் துண்டுகளுக்கு நடுவே சிவப்புப் பயறு விழுது வைத்த பண்டம். கடைக்காரனுக்கு விழுது செய்யத் தெரியாது, டின்னில் வாங்குகிறான். குறைந்த கூலி போதும் என்று வந்து நிற்கும் தொக்குயே என்ற முதியவள் விடியலுக்கு முன்பே வந்து பயற்றை வேகவைக்கிறாள். ஆவியில் முகத்தை வைத்து, பயறு பேசுவதைக் கேட்பவளைப் போல நிற்கிறாள். அவளுடைய விரல்கள் மடங்கியிருக்கின்றன. தொழுநோயிலிருந்து எப்போதோ குணமானவள். ஆனால் சிறுமியாக இருந்தபோது அரசு காப்பகத்தில் அடைக்கப்பட்டவள். ஜப்பானில் தொழுநோயாளிகளைத் தனிமைப்படுத்தும் சட்டம் 1996 வரை நடைமுறையில் இருந்தது, மருந்து வந்து பல பத்தாண்டுகளுக்குப் பிறகும். படத்தின் ஒரு பகுதி டோக்கியோவின் மேற்கே ஹிகாஷிமுராயாமாவில் உள்ள தமா சென்ஷோயென் காப்பகத்தில் எடுக்கப்பட்டது. 1974இல் கையுறைக்குள் கைகளை ஒளித்த நடிகை இங்கே மடங்கிய விரல்களைப் பாத்திரத்தின் மேல் நீட்டிக் காட்டுகிறார். பிரான்சின் கான் திரைப்பட விழாவில் ‘அன் செர்டன் ரிகார்ட்’ பிரிவு இந்தப் படத்தோடுதான் தொடங்கியது. கவாசேயின் இனிப்பு சில இடங்களில் எனக்குத் திகட்டுகிறது. கிரின் வரும் காட்சிகளில் திகட்டவில்லை.

கொரே-எடா அவரை விடவில்லை. ‘ஐ விஷ்’, ‘லைக் ஃபாதர், லைக் சன்’, ‘அவர் லிட்டில் சிஸ்டர்’, பிறகு 2016இல் ‘ஆஃப்டர் த ஸ்டார்ம்’. இது கொரே-எடா தானே வளர்ந்த கியோசே நகரின் அசாஹிகவோகா அடுக்குமாடிக் குடியிருப்பில் எடுத்த படம். குளிர்பெட்டியில் கல்லாகிப்போன, கல்பிஸ் என்ற இனிப்புப் பானத்தின் ஐஸை மகனும் தாயும் கரண்டியால் சுரண்டித் தின்னும் காட்சி ஒன்று போதும், அந்தக் குடும்பத்தின் பொருளாதாரம் முழுவதும் தெரிந்துவிடும்.

இனி நீங்கள் பார்த்த படம். ‘ஷாப்லிஃப்டர்ஸ்’ படத்துக்காக முடியை நீளமாகத் தொங்க விட்டதும், பொய்ப்பல்லைக் கழற்றிவிட்டு நடிக்கிறேன் என்றதும் கிரினின் யோசனைதான். மனித உடம்பு சிதைந்துபோவது எப்படியிருக்கும் என்று இன்று யாரும் பார்ப்பதில்லை, பார்க்கட்டும் என்பது அவர் வாதம். அந்தப் பல்லில்லா வாயால் அவர் உண்பதைக் கவனித்தீர்களா? கொஞ்சம் அருவருப்பாக இருக்கும். அது வேண்டுமென்றே வைத்தது. பாசமான பாட்டி என்று நாம் இளகும் நேரத்தில், பச்சிங்கோ என்ற பந்துச் சூதாட்ட அரங்கில் பக்கத்து ஆளின் பந்துத் தட்டை இழுத்துக்கொள்வாள்; மறைந்த கணவனின் இன்னொரு குடும்பத்தாரிடம் போய் அமர்ந்து உறையில் பணம் வாங்கி வருவாள்.

கடற்கரைக் காட்சி. மற்ற ஐவரும் அலைகளில் குதிக்கிறார்கள், பாட்டி மணலில் உட்கார்ந்து பார்க்கிறாள். உதடுகள் அசைகின்றன, ஒலி இல்லை. நன்றி என்கிறாள். அது திரைக்கதையில் இல்லை. படப்பிடிப்பில் யாரும் அதைக் கவனிக்கவும் இல்லை. படத்தொகுப்பின்போதுதான் அந்த உதட்டசைவைக் கண்டதாகக் கொரே-எடா பின்னர் சொன்னார். 2018 மே மாதம் படம் கான் விழாவின் உச்ச விருதான தங்கப் பனையைப் பெற்றது. அந்த நேரத்தில் கிரின் இயக்குநரிடம், இந்தக் கிழவியை மறந்துவிடு, உன் நேரத்தை இளையவர்களுக்காகச் செலவிடு, இனி நான் சந்திக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டார். சொன்னபடியே இருந்தார்.

அந்த ஆகஸ்டில் தொடை எலும்பு முறிந்தது. செப்டம்பர் 15 அன்று டோக்கியோவில் தன் வீட்டில் இறந்தார், 75 வயதில். கொரே-எடாவின் இரங்கலுரையை அவருக்குப் பதிலாக வாசித்தவர் நடிகர் ஹாஷிசுமே இசாவோ. 1961இல் புங்ககுசாவில் கிரினோடு ஒரே வகுப்பில் சேர்ந்தவர். அந்த டிசம்பரில் அவருடைய பேச்சுகளைத் திரட்டி வந்த ‘இஸ்ஸாய் நரியுக்கி’ என்ற சிறு நூல் பத்து லட்சம் பிரதிகளைத் தாண்டி, 2019இல் ஜப்பானின் விற்பனையில் முதலிடம் பெற்றது. எல்லாம் போகிற போக்கில் என்று தலைப்புக்குப் பொருள். இறந்தபின் அவரை ஞானியாக்கிவிட்டார்கள் என்பதில் எனக்கு வருத்தம் உண்டு. அவர் ஞானி அல்ல, வாய்த்துடுக்கான கைத்தொழில்காரி.

எதைப் பார்ப்பது என்ற கேள்விக்கு வருகிறேன். ‘ஸ்டில் வாக்கிங்’கில் தொடங்குங்கள், அடுத்து ‘ஸ்வீட் பீன்’. தேநீர்ச் சடங்கு ஆசிரியையாக நடித்த ‘எவ்ரி டே அ குட் டே’ அவர் இறந்த அடுத்த மாதம் வெளியானது. மெதுவான படம், மழைநாளில் பாருங்கள். நடிக்காமல் பின்னணிக் குரல் மட்டும் கொடுத்த ‘லைஃப் இஸ் ஃப்ரூட்டி’ என்ற ஆவணப்படமும் உண்டு. ‘தெராவுச்சி கந்தாரோ’ வசன வரிகளோடு கிடைப்பது கடினம். ஆனால் அந்த ஜூலிக் கூவல் காணொளித் துணுக்காக அகப்பட்டால் விடாதீர்கள், அதற்கு மொழி வேண்டாம்.

எல்லாவற்றுக்கும் பிறகு, ஜெர்மன் இயக்குநர் டோரிஸ் டோரி எடுத்த ‘செர்ரி பிளாசம்ஸ் அண்ட் டீமன்ஸ்’ (2019). இதுவே அவர் கடைசியாக நடித்த படம். கடலோர விடுதியின் வயதான உரிமையாளராகச் சிறிது நேரமே வருகிறார். அந்த விடுதி நிஜமானது, சிகசாகி நகரில் உள்ள சிகசாகி-கான். ஓசு யசுஜிரோ ஆண்டுக்கணக்காக அறை எடுத்துத் தங்கித் திரைக்கதைகளை எழுதிய இடம் அதுதான். 19 வயதில் ஓசுவின் தளத்து ஓரத்தில் பையோடு நின்ற பெண், கடைசிக் காட்சிகளில் அந்த விடுதியின் மரத்தளத்தில் தளர்ந்த கால்களோடு நடந்து, வருந்தி நிற்கும் இளைஞனிடம், உயிரோடுதானே இருக்கிறாய், மகிழ்ச்சியாக இருந்தாக வேண்டும் என்று கண்டிக்கும் குரலில் சொல்லிவிட்டுப் போகிறார்.